எட்டாவது நிறம்

அஜக்ஸ், ஒன்ராறியோ
13 ஒக்டோபர் 2024

அன்புள்ள அண்ணன்,

இன்று காலை எழுந்ததும் முகம்கூடக் கழுவாமல் கொம்பியூட்டரைத் திறந்து உங்கள் மாடுகளைத் தேடினேன். செப்ரெம்பர் கடைசியில் எடுத்த புதிய செய்மதிப் படம் வந்திருந்தது. அறுவடை முடிந்து காய்ந்து கிடந்த வயல்களில் அவை சின்னச் சின்னப் புள்ளிகளாக நின்றன. எண்ணத் தொடங்கி ஐம்பதோடு விட்டுவிட்டேன். பிறகு படத்தை மேற்கே நகர்த்தினேன். மாரியில் நம்முடைய மாடுகள் மேயும் இலுப்பை வெட்டையைச் சுற்றி ஒரு நேர்கோடு ஓடியது. நம்முடைய ஊரில் வாய்க்கால்கூட நேராக ஓடுவதில்லை. அதனால் அது வேலி என்று பார்த்தவுடனே தெரிந்தது. துஷானி சொன்னது உண்மைதான்.

மூன்று கிழமையாக நீங்கள் என் போனை எடுப்பதில்லை. துஷானிதான் எடுக்கிறாள். "அப்பா வயலுக்குப் போயிட்டார் மாமி" என்கிறாள். அவள் அப்படிச் சொல்லும்போதே பின்னால் நீங்கள் இருமுவது கேட்கிறது. தபாலில் வந்ததை எந்தக் கோபத்திலும் நீங்கள் உடைத்துப் பார்க்காமல் இருக்கமாட்டீர்கள் என்று நம்பி எழுதுகிறேன்.

உங்கள் கோபம் விளங்குகிறது. ஆனால் நடந்ததைச் சரியாகச் சொல்லவேண்டும். வேம்படிச்சேனை உட்பட பதினொரு ஊர்களுக்குக் காணிப் பயன்பாட்டுப் படம் தயாரிக்கும் வேலை எங்கள் கம்பனிக்கு வந்தது. எது வயல், எது காடு, எங்கே வீடு கட்டலாம், எந்தக் குளத்தைத் தொடக்கூடாது என்று ஊருக்கு ஊர் நிறம் தீட்டி, திட்டம் போடுபவர்கள் கையில் கொடுக்கும் வேலை. பட்டியலில் நம்முடைய ஊரின் பெயரைக் கண்டதும் மேலாளர் மாக்கஸிடம் நானே கேட்டு வாங்கினேன். உங்களுக்கு அன்றே போன் பண்ணியது ஞாபகம் இருக்கும்.

மேகம் இல்லாத படம் வேண்டும். அங்கே ஓகஸ்ற் மாதத்தில்தான் அப்படிக் கிடைக்கும். ஓகஸ்ற்றில் மாடுகள் வயலில் நிற்கும், வெட்டை வெறுமையாக இருக்கும். வெறுமையாக இருந்ததால் அது மஞ்சள் ஆனது. மஞ்சள் என்றால் பயன்பாடற்ற நிலம். அதை மரமுந்திரிகைத் தோட்டத்துக்குக் கொடுத்தது நான் அல்ல. படம் போடுகிறவர்கள் காணி கொடுப்பதில்லை.

இன்னொன்றும் சொல்லவேண்டும். படத்தை முடிவாக்க முதல் ஊரில் கூட்டம் நடந்தது. பள்ளிக்கூட மண்டபத்தில் தொங்கவிட்டு எல்லாரிடமும் கருத்துக் கேட்டார்கள். பால் சங்கத் தலைவர் என்று முதல் கையெழுத்து உங்களுடையது. அதன் பிரதி என்னிடம் இருக்கிறது. பிழை என்று தெரிந்தால் ஏன் பேசாமல் இருந்தீர்கள்? ஒரு சொல் சொல்லியிருந்தால் நான் மாற்றியிருப்பேன்.

மச்சாளையும் துஷானியையும் கேட்டதாகச் சொல்லுங்கள்.

உங்கள் தங்கச்சி
மயூரி


வேம்படிச்சேனை
5 நவம்பர் 2024

தங்கச்சி மயூரிக்கு,

உன் கடிதத்தை மூன்று நாள் சட்டைப்பையில் வைத்திருந்துவிட்டு உடைத்தேன். மாடு எண்ணியதாக எழுதியிருந்தாய். எங்கள் பட்டியில் அறுபத்திரண்டு. அடுத்த முறை ஆகாயத்திலிருந்து எண்ணும்போது சரிபார்த்துக்கொள்.

ஏன் பேசவில்லை என்று கேட்டிருக்கிறாய். அதற்கு முதல் இந்த வருடக் கதையைச் சொல்கிறேன். விதைப்புக் கூட்டம் வழக்கம்போல நடந்தது. மாடுகளை வயலைவிட்டு எடுக்கக் கடைசித் திகதி ஒக்டோபர் இருபத்தைந்து என்று வாசித்தார்கள். அதற்குப் பிறகு வயலில் மாடு நின்றால் பிடித்துக் கட்டலாம், அதற்கு யாரும் வழக்குப் பேச முடியாது. நீ பதினேழு வயதுவரை இங்கே இருந்தவள், இது உனக்குத் தெரியும். அப்பா காலத்திலிருந்து அந்தத் திகதிக்கு முதல்நாள் மாட்டைச் சாய்த்துக்கொண்டு வெட்டைக்குப் போவோம். மார்கழி மழையில் ஊரெல்லாம் தண்ணீர் நின்றாலும் அந்த மேட்டில் நிற்காது. மாசியில் நெல் வெட்டு முடிந்தால் திரும்பி வயலுக்கு வருவோம்.

இந்தமுறை திகதி வாசித்ததும் மாட்டுக்காரர் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நான் எழும்பி, எங்கே கொண்டுபோவது என்று கேட்டேன். காணி உத்தியோகத்தர் பொடியன்தான், நல்ல மனிசன். படத்தை மேசையில் விரித்தான். "அண்ணன், இதில பயன்பாடு இல்லாத நிலம் எண்டுதானே கிடக்கு. முதல் கையெழுத்தும் நீங்கதானே வெச்சிருக்கீங்க" என்றான். சபையில் ஒருவரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் நல்லாயிருந்திருக்கும்.

இனி உன் கேள்வி. அந்தப் படத்தின் மூலையில் உன் பெயர் இங்கிலீசில் இருந்தது. துஷானி வாசித்துச் சொன்னாள். நான் மண்டபத்தில் இருந்த எல்லாருக்கும் கேட்கச் சொன்னேன், இது என் தங்கச்சி போட்ட படம் என்று. வெட்டை மஞ்சளாக இருந்ததைப் பார்த்தேன். எனக்குச் சரியாகப் படவில்லை. பக்கத்தில் இருந்த குஞ்சித்தம்பி அண்ணையிடம் மெதுவாகக் கேட்டேன். அவர், "புள்ளைக்குத் தெரியும்டா. அது தெரியாமலா போட்டிருக்கும்? கையெழுத்த வை" என்றார். முப்பத்தைந்து வருடம் நம்முடைய பட்டியைப் பார்க்கிறவர், வெட்டையில் ஒவ்வொரு பற்றையும் தெரிந்தவர். அவரே சொன்னபோது நான் வைத்தேன். என் கையெழுத்தைப் பார்த்து நாற்பத்தொரு பேர் வைத்தார்கள். அவர் எதை நினைத்து அப்படிச் சொன்னாரோ, பிறகு கேட்கவில்லை.

எல்லார் முன்னாலும் எழும்பி என் தங்கச்சிக்கு ஊர் தெரியாது என்று நான் சொல்லியிருக்கவேண்டும் என்கிறாயா?

இப்போது மாடுகள் குளக்கட்டுக்குக் கீழே பள்ளத்தில் நிற்கின்றன. வேறு இடம் இல்லை. குஞ்சித்தம்பி அண்ணை அங்கேயே வாடி போட்டுப் படுக்கிறார்.

திட்டத்தை மறுபடி பார்க்க ஒரு வழி இருக்கிறதாம். படம் போட்டவரே பிழை என்று எழுதித் தந்தால் ஆட்சேபனைக் குழுவுக்குக் கொண்டுபோகலாம் என்று அந்தப் பொடியன் சொல்கிறான். ஒரு வரி போதும். "இலுப்பை வெட்டை மேய்ச்சல் தரை, நான் பிழையாகப் போட்டேன்." கீழே உன் பெயர், கையெழுத்து.

எழுதுவாயா?

ஜெயந்தன்


அஜக்ஸ்
24 நவம்பர் 2024

அன்புள்ள அண்ணன்,

நீங்கள் கேட்ட ஒரு வரியைப் பத்து நாளாக எழுதிப் பார்க்கிறேன். றெயிலில் வேலைக்குப் போகும்போது எழுதுவேன், யூனியன் ஸ்ரேசனில் இறங்குமுன் அழித்துவிடுவேன்.

மாக்கஸிடம் பேசினேன். கெட்டவர் இல்லை, நான் சொன்னதை முழுவதும் கேட்டார். ஆனால் படம் என்னுடையது அல்ல, கம்பனியுடையது. அதைப் பற்றித் தனியாக நான் எதுவும் எழுதக்கூடாது. வக்கீல் பார்த்துத் தந்த கடிதம்தான் போகலாம். அதை இதோடு வைத்திருக்கிறேன். "இவ்வரைபடம் ஓகஸ்ற் 2022 செய்மதிப் படத்தின் அடிப்படையில் தயாரிக்கப்பட்டது. பருவகாலப் பயன்பாடுகள் இதில் முழுமையாகப் பிரதிபலிக்காதிருக்கலாம்." தமிழில் ஆக்கியது நான்தான். பிழை என்ற சொல்லை எங்கேயாவது வைக்கப் பார்த்தேன், விடவில்லை.

உங்கள் மச்சான் சச்சியும் இதில் எனக்கு உதவியாக இல்லை. பிறம்ரன் வெயர்ஹவுசில் அவருடைய வேலையே இப்போது கிழமைக்கு மூன்று நாள்தான். "நாப்பத்தாறு வயசில உமக்கு வேற வேலை ஆர் தரப்போறான்? கொம்பனிக் கடிதத்தை அனுப்பிப்போட்டுப் பேசாமல் இரும்" என்றார். அவர் யாழ்ப்பாணத்தில் தோட்டக்காணியில் வளர்ந்தவர். ஒருவருக்கும் உறுதிப் பத்திரம் இல்லாத ஒரு வெட்டையை ஊரே எப்படி வைத்திருந்தது என்று நான் எத்தனை தரம் சொல்லியும் அவருக்கு விளங்குவதில்லை. உறுதி இல்லாவிட்டால் அது எப்படி உங்கள் காணி என்று கேட்கிறார்.

இங்கே தபால்காரர் வேலைநிறுத்தம். மட்டக்களப்புக் கல்லடிக்குப் போகும் யோகமலர் அன்ரியிடம் இதைக் கொடுத்துவிடுகிறேன். அங்கே மழை என்று செய்தியில் சொன்னார்கள். குஞ்சித்தம்பி அண்ணையைச் சுகம் கேட்டதாகச் சொல்லுங்கள்.

மயூரி


வேம்படிச்சேனை
4 ஜனவரி 2025

மயூரிக்கு,

உன் கடிதம் வெள்ளம் வடிந்த பிறகு வந்து சேர்ந்தது.

நவம்பர் இருபத்தாறாம் திகதி மத்தியானத்திலிருந்து தண்ணீர் ஏறியது. பள்ளத்தில் நின்ற மாட்டை மேற்கே சாய்த்தோம். மாட்டுக்கு வழி தெரியும், சொல்லிக் கொடுக்கத் தேவையில்லை. நேரே வெட்டைக்குத்தான் போனது. வேலியில் முட்டிக்கொண்டு நின்றது. ஐந்து பட்டி மாடு, ஒரே இடத்தில். கம்பியை வெட்ட ஆள் வருமுன் கீழே வாய்க்கால் உடைத்துக்கொண்டது. எங்களுடையதில் நாற்பத்து மூன்று போனது. கன்றுகள் எல்லாம் அதில் அடக்கம்.

குஞ்சித்தம்பி அண்ணை இரண்டு நாள் கழுத்தளவு தண்ணீரில் நின்று மிச்சத்தைக் கரை சேர்த்தார். பத்து நாளில் காய்ச்சல் வந்தது. எலிக்காய்ச்சல் என்றார்கள். பெரியாஸ்பத்திரியில் ஆறு நாள் கிடந்தார். டிசெம்பர் பதினான்காம் திகதி முடிந்தது. பிள்ளைகுட்டி இல்லாத மனிசன், கொள்ளி நான்தான் வைத்தேன்.

உன் கம்பனிக் கடிதத்தைக் காணி உத்தியோகத்தரிடம் கொடுத்தேன். இரண்டு தரம் வாசித்தான். "இதில பிழை எண்டு ஒரு இடத்திலயும் இல்லையே அண்ணன்" என்று திருப்பித் தந்தான். இதோடு வைத்திருக்கிறேன். உன் தமிழ் இன்னும் நல்லாகத்தான் இருக்கிறது.

ஆட்சேபனைக் குழு மார்ச் பதினெட்டில் கூடுகிறது. தோட்டக்காரர் மரமுந்திரிகைக் கன்று வைத்துவிட்டார்கள். இனித் திருப்பி எடுப்பது கஷ்டம் என்கிறார்கள். அது அவர்கள் பாடு.

ஒன்று கேட்கவேண்டும். ஆஸ்பத்திரியில் குஞ்சித்தம்பி அண்ணைக்குக் கடைசியில் நினைவு தெளிவாக இல்லை. ஆனால் ஒரு விசயத்தைத் திரும்பத் திரும்பக் கேட்டார். "புள்ள போட்டதா? நான் காட்டினது எல்லாத்தையும் போட்டதா?" என்றார். போட்டிருக்கு அண்ணை என்று சொன்னேன். என்ன ஏது என்று தெரியாமல் சொன்ன பொய். அதற்குப் பிறகு கேட்கவில்லை.

அவர் உனக்கு என்ன காட்டினார்?

ஜெயந்தன்


அஜக்ஸ்
26 ஜனவரி 2025

அன்புள்ள அண்ணன்,

உங்கள் கடிதத்தை நேற்றுத் தபால்பெட்டி முன்னால் நின்றே வாசித்தேன். பனி கொட்டிக்கொண்டிருந்தது. பக்கத்து வீட்டுக்காரர் காரை நிறுத்தி உதவி வேண்டுமா என்று கேட்டார். ஓம் என்று தமிழில் சொல்லிவிட்டு உள்ளே வந்துவிட்டேன்.

குஞ்சித்தம்பி அண்ணை இல்லை என்பதை இன்னும் மனம் ஏற்கவில்லை. பள்ளிக்கூடம் விட்டு வரும்போது எனக்கென்று ஒரு போத்தலில் தயிர் வைத்திருப்பார். மூடியில் இலை வைத்துக் கட்டியிருப்பார். அந்தியேட்டிக் கிரியை எப்போது செய்தீர்கள்? நான் இங்கிருந்து ஏதாவது செய்யவேண்டுமா? கோயிலில் அவர் பெயரில் ஒரு அர்ச்சனை செய்வித்தேன். நட்சத்திரம் கேட்டார்கள், எனக்குத் தெரியவில்லை.

நாற்பத்து மூன்று என்று எழுதியிருந்தீர்கள். அந்த எண்ணை நான் ஒருவரிடமும் சொல்லவில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். இருமலுக்கு மருந்து எடுங்கள்.

மயூரி


வேம்படிச்சேனை
16 பெப்ரவரி 2025

மயூரிக்கு,

நான் கேட்டது ஒரு கேள்வி. அதற்குப் பதில் இல்லை. அர்ச்சனை எல்லாம் இருக்கிறது.

மிச்ச மாட்டை விற்றுவிட்டேன். பத்தொன்பதை வைத்துக்கொண்டு அடுத்த ஒக்டோபரில் யார் வாசலில் நிற்பது? மற்ற நாலு பட்டிக்காரரும் இன்னும் விற்கவில்லை. மார்ச் பதினெட்டாம் திகதி குழு கூடும் பிரதேச செயலகத்துக்கு வரச்சொல்லி என்னைக் கேட்கிறார்கள். நான் போகமாட்டேன். முதல் கையெழுத்து வைத்தவன் போய் என்ன சொல்வது?

இனி எழுதத் தேவையில்லை. துஷானியிடம் போனில் பேசு, அதை நான் தடுக்கமாட்டேன்.

ஜெயந்தன்


அஜக்ஸ்
9 மார்ச் 2025

அண்ணன்,

எழுதவேண்டாம் என்று சொல்லியிருக்கிறீர்கள். இந்த ஒன்றை மட்டும் எழுதுகிறேன்.

இன்று இங்கே மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னால் தள்ளும் நாள். வீட்டில் இன்னும் ஒருவரும் எழும்பவில்லை. காலையில் நான் முதலில் செய்தது இரண்டு வருடத்துக்கு முந்தைய ஒரு மின்னஞ்சலைத் தேடி எடுத்தது. அது அழிந்திருக்கவேண்டும் என்று தேடும்போது ஒரு பக்கம் நினைத்தேன். அழியவில்லை.

குஞ்சித்தம்பி அண்ணை எனக்கு என்ன காட்டினார் என்று கேட்டீர்கள்.

2023 ஜனவரி பத்தொன்பதாம் திகதி. படம் பாதி முடிந்திருந்தது. வெட்டையை மஞ்சளாக விட எனக்கு மனம் வரவில்லை. உங்களைக் கேட்டிருக்கலாம். நீங்கள் அன்று சங்க வேலையாக மட்டக்களப்புக்குப் போயிருந்தீர்கள். துஷானிதான் போனைக் கொண்டுபோய் வெட்டையில் இருந்த அவரிடம் கொடுத்துவிட்டு வந்தாள், நாங்கள் என்ன பேசினோம் என்று அவளுக்குத் தெரியாது. அங்கே இருட்டுமுன் பேசவென்று நான் விடிய முதலே வேலை இடத்துக்குப் போய் ஒரு சின்ன அறைக்குள் கதவைச் சாத்திக்கொண்டு வீடியோவில் பேசினேன். அவருக்குப் போனைத் திருப்பிப் பிடிக்கத் தெரியவில்லை. நெடுநேரம் அவருடைய காதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு யாரோ திருப்பிப் பிடித்துக் கொடுத்தார்கள். மழை தூறிக்கொண்டிருந்தது. வெட்டை முழுக்க மாடு. அவர் சுற்றி நடந்து நடந்து காட்டினார். எந்தப் பக்கம் எந்தப் பட்டி, எங்கே தண்ணீர் குடிக்கும், எங்கே கன்றுகளை அடைப்பது என்று எல்லாம். "பாரு புள்ள, எல்லாம் இஞ்சதான் நிக்குது. போட்டுரு" என்றார். போடுறன் அண்ணை என்று சொன்னேன். திரையைப் படமாகப் பிடித்து வைத்தேன். ஒரு மூலையில் அவருடைய பெருவிரல் மறைத்திருக்கிறது.

அன்றே ஒரு புது நிறம் செய்தேன். எங்கள் பட்டியலில் ஏழு நிறங்கள். வயல், காடு, வீடு என்று போய் மஞ்சளில் முடியும். எட்டாவதாக இளம் கபிலத்தில் ஒன்று சேர்த்துப் பருவ மேய்ச்சல் என்று பெயர் வைத்து வெட்டையை நிரப்பினேன். அந்த வரைபடத்தையும் திரையில் பிடித்த படத்தையும் சேர்த்து மாக்கஸுக்கு அனுப்பினேன். அவர் என் மேசைக்கு வந்தார். கோபப்படவில்லை. சிரித்துக்கொண்டு, உன் ஊருக்கு மட்டும் தனி நிறமா என்று கேட்டார். பக்கத்து மேசைக்காரர்களும் சிரித்தார்கள். பதினொரு ஊருக்கும் ஒரே பட்டியல்தான் இருக்கவேண்டும், ஊர்க் கூட்டத்தில் யாராவது கேட்டால் மாற்றலாம் என்றார். அதையே ஒரு வரியில் பதிலாகவும் எழுதி அனுப்பினார்.

அண்ணன், அவர் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. இன்னொரு தரம் கேட்டிருந்தால் விட்டிருப்பார் என்றுகூட இப்போது நினைக்கிறேன். எனக்கு அந்தச் சிரிப்புத்தான் சுட்டது. பதினாறு வருடம் அந்தக் கம்பனியில் சொந்த ஊர்ப் பக்கம் சாயாதவள் என்று பெயர் எடுத்திருந்தேன். அந்தப் பெயருக்காக இளம் கபிலத்தை அழித்து மஞ்சளைப் போட்டேன். இரண்டு நிமிட வேலை. ஊரில் யாராவது கேட்பார்கள் என்று என்னை நானே சமாதானப்படுத்திக்கொண்டேன்.

ஒருவரும் கேட்கவில்லை. ஏன் என்று உங்கள் முதல் கடிதத்திலேயே எழுதியிருந்தீர்கள். அதை வாசித்த அன்று எனக்கு எல்லாம் விளங்கியது. நான் போட்டிருப்பேன் என்று அவர் நம்பினார், அவரை நீங்கள் நம்பினீர்கள், உங்களை ஊர் நம்பியது. விளங்கிய பிறகுதான் வக்கீலின் கடிதத்தை உட்கார்ந்து தமிழில் ஆக்கினேன்.

ஒரு சொல் சொல்லியிருந்தால் மாற்றியிருப்பேன் என்று உங்களுக்கு எழுதினேன். மழையில் நடந்து நடந்து சொன்ன ஒருவர் இருந்தார்.

செய்மதிப் படத்தால் வந்த பிழை என்று குழுவுக்குச் சொன்னால் அவர்கள் தலையாட்டிவிட்டு விட்டுவிடுவார்கள். பிழை தெரிந்தே அனுப்பப்பட்டது என்றால் திட்டத்தை அப்படியே வைத்திருக்க முடியாது. கன்று வைத்திருந்தாலும் திறந்து பார்த்தே ஆகவேண்டும். அதற்கு அந்த மின்னஞ்சல் வேண்டும், அதில் இருக்கும் படம் வேண்டும், இரண்டும் என்னுடையவை என்று சொல்ல ஆள் வேண்டும். எல்லாவற்றையும் பிரின்ற் எடுத்துவிட்டேன். கம்பனிக் கடதாசியை வெளியே கொண்டுபோனால் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். சச்சிக்கும் தெரியும், அதனால்தான் அவருக்குச் சொல்லவில்லை.

வருகிற வெள்ளிக்கிழமைக்குப் பிளேன் ரிக்கெற் எடுத்திருக்கிறேன். பதினெட்டாம் திகதி காலை செயலகத்தில் நிற்பேன். உங்கள் கையெழுத்துக்கு நீங்கள் பதில் சொல்லத் தேவையில்லை, நான் சொல்கிறேன். நீங்கள் வராவிட்டாலும் மற்ற நாலு பட்டிக்காரரோடு போய் நிற்பேன். அவர்கள் என்னைச் சேர்த்துக்கொள்ளாவிட்டால் தனியாக நிற்பேன். உங்கள் வீட்டில் தங்கக் கேட்கமாட்டேன். குஞ்சித்தம்பி அண்ணையை எங்கே எரித்தீர்கள் என்று மட்டும் துஷானியை விட்டுக் காட்டச் சொல்லுங்கள்.

இதைத் தபாலில் போட்டால் எனக்குப் பிறகுதான் வந்து சேரும். அதனால் போடப்போவதில்லை, கையோடு கொண்டுவருகிறேன். அதுவரைக்கும் இது ஒருவருக்கும் தெரியாது, உங்களுக்கும்தான்.

சச்சி எழும்பிவிட்டார். குளியலறையில் தண்ணீர்ச் சத்தம் கேட்கிறது. அது நிற்குமுன் இதை மடித்துப் பாஸ்போர்ட்டுக்குள் வைக்கவேண்டும்.

மயூரி